30 சதவீத ஊனம் போதுமா?

கேள்வி: ஐயா, என் கணவருக்கு 34 வயது. டைல்ஸ் ஒட்டும் வேலை. பத்து மாதம் முன்பு வேலை முடிந்து பைக்கில் வரும்போது எதிரே வந்த வேன் மோதி, வலது முட்டிக்குக் கீழே எலும்பு நொறுங்கிவிட்டது. முதலில் அரசு மருத்துவமனைக்குக் கொண்டுபோனோம், அப்புறம் தனியாரில் பிளேட் வைத்தார்கள். இப்போது நடக்கிறார், ஆனால் குந்தி உட்கார முடியவில்லை. விபத்து நடந்த ஐந்தாவது மாதமே வக்கீல் மூலம் கேஸ் போட்டுவிட்டோம். மாற்றுத்திறனாளி அட்டைக்கான முகாமில் 30 சதவீதம் என்று எழுதினார்கள். 40-க்குக் கீழே இருந்தால் கேஸ் நிற்காது, பணம் கொடுத்தால் 60 சதவீதத்துக்கு சர்டிபிகேட் வாங்கித் தருகிறேன் என்கிறார் தெரிந்தவர் ஒருவர். ஆபரேஷன் செய்த டாக்டரோ கோர்ட்டுக்கெல்லாம் வரமாட்டேன் என்கிறார். யாரிடம் வாங்கினால் செல்லும்? பிளேட்டை எடுத்த பிறகு வாங்க வேண்டுமா, இப்போதே வாங்கலாமா?
– வாசகி, திண்டுக்கல் மாவட்டம்

பதில்:

அன்புள்ள சகோதரி,

60 சதவீதம் வாங்கித் தருகிறேன் என்றவரிடம் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள். அது தப்பு என்பது ஒருபுறம் இருக்கட்டும், உங்களுக்கு அது நஷ்டமும்கூட. அந்தச் சான்றிதழில் கையெழுத்துப் போட்ட டாக்டர் கூண்டில் ஏறியதும் இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் என்ன கேட்பார் தெரியுமா? நீங்கள்தான் சிகிச்சை கொடுத்தீர்களா, இவரை முதன்முதலில் எந்தத் தேதியில் பார்த்தீர்கள், எந்த அளவுகோலை வைத்துக் கணக்கிட்டீர்கள், 60 என்பது காலுக்கா முழு உடம்புக்கா? நாலு கேள்விதான். உங்கள் கணவர் நீதிமன்றத்துக்குள் நடந்து வருவதை நீதிபதி பார்த்திருப்பார், எலும்பு கூடியிருப்பது எக்ஸ்ரேயில் தெரியும். 60 என்ற எண் அங்கேயே விழுந்துவிடும். அதோடு போனால் பரவாயில்லை. வருமானம், மருத்துவச் செலவு என்று நீங்கள் நேர்மையாகச் சொன்ன மற்றவற்றின் மீதும் சந்தேகம் படியும். சிகிச்சையே கொடுக்காமல் தயார்நிலையில் சான்றிதழ் தரும் டாக்டர்கள் விஷயத்தில் எச்சரிக்கையாக இருக்கும்படி, விபத்து இழப்பீட்டு வழக்குகளை விசாரிக்கும் தீர்ப்பாயங்களுக்கு உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. போலி என்று தெரிந்தால் மனுதாரர் என்ற முறையில் உங்கள் கணவரும் பதில் சொல்லியாக வேண்டும். வாங்கிக் கொடுத்தவர் அன்றைக்கு ஊரிலேயே இருக்கமாட்டார்.

அடுத்து அந்த 40. இது பலரையும் குழப்புகிற எண். 2016-ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் சில சலுகைகளுக்கும் இட ஒதுக்கீட்டுக்கும் 40 சதவீதத்தை எல்லையாக வைத்திருக்கிறது. அந்த எல்லை அந்தச் சட்டத்தோடு சரி. மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுக்கும் அதற்கும் தொடர்பு கிடையாது. தீர்ப்பாயத்தில் பாஸ் மார்க் என்று எதுவும் இல்லை. 10 சதவீத ஊனத்துக்கும் இழப்பீடு உண்டு. முகாமில் 30 என்று எழுதியதால் உங்கள் கேஸ் விழாது.

சதவீதத்தைக் கூட்டுவது எப்படி என்பதை விடுங்கள். அந்த ஊனம் இவருடைய வேலையை என்ன செய்துவிட்டது என்பதுதான் உங்கள் கேஸ். இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், ஏனென்றால் பணம் இங்கேதான் கூடுகிறது, குறைகிறது.

ராஜ்குமார் எதிர் அஜய்குமார் என்ற வழக்கில் 2010 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. ஊன இழப்பீட்டு வழக்குகளில் இன்றுவரை எல்லோரும் எடுத்துக் காட்டுவது அதைத்தான். அது மூன்று விஷயங்களைத் தனித்தனியாகப் பிரித்தது. ஒரு கைக்கோ காலுக்கோ ஏற்பட்ட ஊனம் ஒன்று. அதை முழு உடம்புக்கும் கணக்கிட்டால் எவ்வளவு என்பது இரண்டாவது. அதனால் சம்பாதிக்கும் திறன் எவ்வளவு போயிற்று என்பது மூன்றாவது. முதல் இரண்டையும் டாக்டர் சொல்வார். மூன்றாவதைத் தீர்மானிக்க வேண்டியது தீர்ப்பாயம். அந்த வழக்கில் இடது காலுக்கு 45 சதவீதம் என்று சான்றிதழ் இருந்தது. நீதிமன்றம் முழு உடம்புக்கு 25 என்றும், சம்பாதிக்கும் திறன் இழப்பு 20 என்றும் எடுத்துக்கொண்டது. சான்றிதழில் உள்ள எண் அப்படியே பணமாக மாறாது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் இல்லை.

சரி, எண் எப்போதும் கீழேதான் இறங்குமா? இல்லை. அதே தீர்ப்பு சொல்லும் உதாரணத்தைப் பாருங்கள். இடது கையை இழந்தவர் டிரைவராகவோ தச்சராகவோ இருந்தால் அவருடைய சம்பாதிக்கும் திறன் முழுக்கப் போய்விடலாம். அவரே அரசு அலுவலக எழுத்தராக இருந்தால் வேலை தொடரலாம், சம்பளம் குறையாமலும் இருக்கலாம். 2014-இல் சையத் சாதிக் வழக்கில் கால் துண்டிக்கப்பட்ட காய்கறி வியாபாரிக்கு 85 சதவீத வருமான இழப்பை உச்ச நீதிமன்றம் ஏற்றது. உட்கார்ந்தபடியே காய்கறி விற்கலாமே என்ற வாதம் அங்கே எடுபடவில்லை.

உங்கள் கணவருக்கு வருவோம். டைல்ஸ் ஒட்டுகிறவர் நாள் முழுக்கக் குந்தியோ மண்டியிட்டோ இருக்க வேண்டும். முட்டி பாதிக்கு மேல் மடங்காவிட்டால் அவரால் தரையில் ஒரு கல்லைக்கூடப் பதிக்க முடியாது. மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்து கணக்கு எழுதுபவருக்கு இதே முட்டி பெரிய தொல்லை இல்லை. டாக்டர் இருவருக்கும் 30 என்றுதான் எழுதுவார். தீர்ப்பாயம் இருவரையும் ஒன்றாகப் பார்க்கக் கூடாது. ஆனால் வித்தியாசத்தை எடுத்துச் சொல்ல வேண்டியது உங்கள் தரப்பு. எடுத்துச் சொல்லாவிட்டால் என்ன நடக்கும்?

தமிழ்நாட்டில் ஒரு வழக்கம் இருக்கிறது. வேலைத் திறன் பாதிக்கப்பட்டதாக நிரூபிக்கவில்லை என்றால் ஒரு சதவீதத்துக்கு இவ்வளவு ஆயிரம் ரூபாய் என்று பெருக்கிக் கொடுத்துவிடுவார்கள். சதவீதத்துக்கு 5,000 என்று வைத்துக்கொண்டால் 30-க்கு 1,50,000 ரூபாய். வேலைத் திறன் இழப்பு நிரூபணமானால், வருட வருமானத்தை வயதுக்கேற்ற ஒரு எண்ணால் பெருக்கும் 'பெருக்கி' முறைக்குப் போவார்கள். மாத வருமானம் 15,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். சொந்தமாகத் தொழில் செய்பவர், 40 வயதுக்குக் கீழே என்பதால் எதிர்கால வருமான உயர்வுக்கு 40 சதவீதம் சேர்ப்பார்கள், 21,000 ஆகும். வருடத்துக்கு 2,52,000. 31 முதல் 35 வயது வரையிலானவர்களுக்குப் பெருக்கி 16. அப்படியானால் 40,32,000. இதில் திறன் இழப்பு 20 சதவீதம் என்றால்கூட 8,06,400 ரூபாய், 40 சதவீதம் என்றால் 16,12,800 ரூபாய். மருத்துவச் செலவு, வலி வேதனை, வேலைக்குப் போகாத மாதங்களின் வருமானம் எல்லாம் இதற்கு மேல் தனி. இது மாதிரிக் கணக்குதான், இவ்வளவு கிடைக்கும் என்று நான் சொல்லவில்லை. ஆனால் ஒரே 30 சதவீதம் எந்த வழியில் போகிறது என்பதைப் பொறுத்து எத்தனை லட்சம் மாறுகிறது என்று பாருங்கள். வெறும் எண்ணை 60 ஆக்க அலைபவர்கள் இதைக் கவனிப்பதே இல்லை.

அதனால் சான்றிதழில் சதவீதம் மட்டும் இருந்தால் போதாது. முட்டி எத்தனை டிகிரி மடங்குகிறது, தொடைத் தசை எத்தனை சென்டிமீட்டர் இளைத்திருக்கிறது, கால் குட்டையாகியிருக்கிறதா, தசை வலு எந்த நிலை என்ற அளவுகள் வேண்டும். எக்ஸ்ரே எடுத்த தேதி வேண்டும். காலுக்கு எவ்வளவு, முழு உடம்புக்கு எவ்வளவு என்று பிரித்து எழுதியிருக்க வேண்டும். குந்த முடியாது, சம்மணம் போட முடியாது, பாரம் தூக்கிப் படியேற முடியாது என்று இயலாதவற்றை வரியாக எழுதியிருந்தால் இன்னும் நல்லது. டாக்டர்கள் அவசரத்தில் எண்ணைப் போட்டு முடித்துவிடுவார்கள். பரிசோதனையின்போது உங்கள் கணவர் தன் வேலை என்ன, அதில் எது இப்போது முடியவில்லை என்பதை வாய்விட்டுச் சொல்ல வேண்டும். நம் ஆட்களிடம் ஒரு பழக்கம் உண்டு, டாக்டர் எப்படி இருக்கு என்று கேட்டால் 'பரவாயில்லை சார்' என்பார்கள். அன்றைக்கு அது வேண்டாம்.

'நிரந்தரம்' என்ற சொல்லையும் பாருங்கள். 'தற்காலிகம்' என்றோ 'மறுபரிசோதனை தேவை' என்றோ இருந்தால் எதிர்கால வருமான இழப்பு கேட்பது சிரமம். எலும்பு கூடி, பிசியோதெரபி முடிந்து, இனி பெரிய முன்னேற்றம் வராது என்ற கட்டத்தில்தான் சான்றிதழ் வாங்க வேண்டும். முட்டி பக்கத்து முறிவுக்குப் பத்து மாதம் ஆகியிருப்பதால் நீங்கள் அந்தக் கட்டத்துக்கு அருகில் இருக்கிறீர்கள்.

இப்போது யாரிடம் வாங்குவது என்ற கேள்வி. நான் சொல்லும் வழி மெடிக்கல் போர்டுதான், அதுவும் தீர்ப்பாயம் மூலமாக. உங்கள் வக்கீல், மனுதாரரை அரசு மருத்துவமனை மருத்துவக் குழுவின் பரிசோதனைக்கு அனுப்ப வேண்டும் என்று ஒரு இடைமனு (வழக்கு நடக்கும்போதே நடுவில் போடும் மனு) போடுவார். தீர்ப்பாயம் மருத்துவமனைக்குக் கடிதம் அனுப்பும். குறித்த நாளில் நீங்கள் போக வேண்டும். ஆதார், போட்டோ, டிஸ்சார்ஜ் சம்மரி, ஆபரேஷன் குறிப்பு, ஆரம்பம் முதல் எடுத்த எக்ஸ்ரே, சி.டி. ஸ்கேன் எல்லாவற்றின் அசலும் ஒரு செட் ஜெராக்ஸும் கொண்டுபோங்கள். புதிதாக ஒரு எக்ஸ்ரே எடுக்கச் சொல்வார்கள். சான்றிதழ் பெரும்பாலும் உங்கள் கையில் வராது, மூடிய உறையில் நேராகத் தீர்ப்பாயத்துக்குப் போகும். அதை நீதிமன்றச் சான்றாவணமாகவே குறியிடுவது வழக்கம். இதில் உங்களுக்கு இரண்டு லாபம். கம்பெனி வக்கீல் 'விலைக்கு வாங்கியது' என்று சொல்ல முடியாது. போர்டு டாக்டரைக் கூண்டில் ஏற்றும் அலைச்சலும் பெரும்பாலும் மிச்சம்.

போர்டு சதவீதத்தைக் குறைத்துப் போட்டுவிட்டால் என்ன செய்வது என்று பயப்படுவீர்கள். குறையலாம். தனியார் டாக்டர் 45 என்றதை போர்டு 25 என்று எழுதுவது சகஜம். ஆனால் மேலே போட்ட கணக்கை இன்னொரு முறை பாருங்கள். யாரும் சந்தேகிக்காத 25-ஐ வைத்துக்கொண்டு, டைல்ஸ் வேலையே போய்விட்டது என்று வாதாடுவது, ஆட்டம் காணும் 45-ஐ விடப் பலமானது. போர்டு ஏதாவது ஒரு காயத்தையே பார்க்காமல் விட்டிருந்தால் அதை எதிர்த்துக் கேட்க வழி உண்டு. அந்த டாக்டரைக் குறுக்கு விசாரணைக்கு அழைக்கலாம், சிகிச்சை கொடுத்த டாக்டரின் சாட்சியத்தையும் வைக்கலாம்.

ஆபரேஷன் செய்த டாக்டர் வரமாட்டேன் என்பதில் எனக்கு அவர் மேல் கோபம் இல்லை. ஒரு நாள் ஓ.பி.யை விட்டுவிட்டு வந்து, வராண்டாவில் காத்திருந்து, வாய்தா என்று திரும்பிப் போனவர்கள் உண்டு. உச்ச நீதிமன்றமும் இதை உணர்ந்துதான், டாக்டர்களுக்கு நேரம் குறித்துக் கொடுத்து முதலில் விசாரித்து அனுப்புங்கள், கமிஷனர் மூலமும் சாட்சியம் பதிவு செய்யலாம் என்று ராஜ்குமார் தீர்ப்பிலேயே சொல்லியிருக்கிறது. மறுத்தே தீருவார் என்றால் மோட்டார் வாகனச் சட்டம் 169-ஆவது பிரிவின்படி சாட்சிகளை வரவழைக்கும் அதிகாரம் தீர்ப்பாயத்துக்கு உண்டு, சம்மன் அனுப்பலாம். என்னைக் கேட்டால் அந்த அளவுக்குப் போகாமல், அவரிடமிருந்து கேஸ் ஷீட் நகலை வாங்கிவிடுங்கள். எழுத்தில் கேட்டால் 72 மணி நேரத்துக்குள் கொடுக்க வேண்டும் என்றும், உள்நோயாளி ஆவணங்களை 3 ஆண்டுகள் வைத்திருக்க வேண்டும் என்றும் மருத்துவக் கவுன்சிலின் 2002-ஆம் ஆண்டு நடத்தை விதிகள் சொல்கின்றன. டாக்டர் வராவிட்டாலும் அந்த நகல் பேசும்.

அரசு மருத்துவமனையின் ஏ.ஆர். காப்பியையும் (விபத்துப் பதிவேட்டின் நகல்) காயச் சான்றிதழையும் இப்போதே வாங்கிப் படித்துப் பாருங்கள். வேன் மோதியது என்று இருக்கிறதா, அல்லது கொண்டுவந்தவர் பதற்றத்தில் 'வண்டியிலிருந்து விழுந்துவிட்டார்' என்று சொல்லி அப்படியே எழுதியிருக்கிறார்களா? எந்தக் கால் என்று சரியாக இருக்கிறதா? வலது, இடது மாறிய ஏ.ஆர். காப்பிகள் அபூர்வம் அல்ல. ஊனச் சான்றிதழ் எவ்வளவு நன்றாக இருந்தாலும், முதல் நாள் ஆவணத்தில் அந்தக் காயமே இல்லை என்றால் கம்பெனி அதைத்தான் பிடித்துக்கொள்ளும். 'இன்னுயிர் காப்போம்' திட்டத்திலோ காப்பீட்டு அட்டையிலோ சிகிச்சை நடந்ததால் பில் இல்லையே என்று சிலர் கவலைப்படுகிறார்கள். பில் இல்லாவிட்டால் மருத்துவச் செலவு என்ற தலைப்பில்தான் குறையும், ஊனத்துக்கான இழப்பீட்டில் அது கை வைக்காது.

முகாமில் கிடைத்த 30 சதவீதத்தை ஒளிக்க வேண்டாம். அதுவும் அரசு டாக்டர் பார்த்து எழுதியதுதான், துணை ஆவணமாகப் போடலாம். அட்டையில் சதவீதம் இருக்குமே தவிர, எந்த விபத்தால் வந்தது, முட்டி எவ்வளவு மடங்குகிறது என்ற விவரமெல்லாம் இருக்காது. அதனால் அதை மட்டும் நம்பிப் போக முடியாது.

டைல்ஸ் வேலைதான் செய்தார் என்பதற்கு என்ன வைத்திருக்கிறீர்கள்? கட்டுமானத் தொழிலாளர் நல வாரிய அட்டை இருந்தால் அதைப் போடுங்கள். விபத்துக்கு முன்பே பதிவு செய்தது என்றால் ரொம்ப நல்லது. வேலை கொடுத்த மேஸ்திரியோ காண்டிராக்டரோ ஒருவர் வந்து, இவர் முன்பு என்ன செய்தார், இப்போது ஏன் கூப்பிடுவதில்லை என்று சொன்னால் அது டாக்டர் சாட்சியத்துக்குச் சமம். போனில் வந்த கூலிப் பணத்தின் பேங்க் ஸ்டேட்மென்டும் உதவும். சான்றிதழுக்கு ஓடுகிற ஓட்டத்தில் பாதியை இதற்கு ஓடுங்கள்.

மனுவை ஐந்தாவது மாதமே போட்டது நல்லது. 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்த திருத்தத்தின்படி விபத்து நடந்த ஆறு மாதத்துக்குள் மனு போட வேண்டும். சான்றிதழ் கைக்கு வந்த பிறகு கேஸ் போடலாம் என்று காத்திருப்பவர்கள் இந்த இடத்தில்தான் மாட்டிக்கொள்கிறார்கள். முதலில் மனு, சான்றிதழ் அப்புறம்.

நடுவில் கம்பெனி மக்கள் நீதிமன்றத்தில் பேசி முடிக்கலாம் என்று கூப்பிடலாம். போவதில் தப்பில்லை, பல கேஸ்கள் அங்கே நன்றாகவே முடிகின்றன. ஆனால் போர்டு சான்றிதழ் வருவதற்கு முன்பு கையெழுத்துப் போடாதீர்கள். அங்கே முடித்துக்கொண்டால் அதை எதிர்த்து மேல்முறையீடு கிடையாது.

கடைசியாக பிளேட். இதை டாக்டரிடம் ஒரே கேள்வியாகக் கேளுங்கள்: பிளேட்டை எடுத்தால் முட்டி இன்னும் மடங்குமா? மடங்கும் என்றால் எடுத்து, பிசியோதெரபி முடித்துவிட்டு போர்டுக்குப் போங்கள். எடுக்காமலே போனால் அந்தக் காரணத்தை வைத்தே கம்பெனி சதவீதத்தைக் குறைக்கச் சொல்லும். எடுப்பது வழக்கமான ஒன்றுதான், அசைவில் மாற்றம் இராது என்றால் காத்திருக்க வேண்டாம், இப்போதே இடைமனுவைப் போடச் சொல்லுங்கள். பிளேட் எடுக்கும் ஆபரேஷனுக்கு எவ்வளவு ஆகும் என்று அதே டாக்டரிடம் மருத்துவமனை லெட்டர்ஹெட்டில் எழுதி வாங்கி வக்கீலிடம் கொடுங்கள். அதை எதிர்கால மருத்துவச் செலவாகத் தனியே கேட்கலாம். கோர்ட்டுக்கு வரத் தயங்கும் டாக்டர்கூட இந்த ஒரு தாளை எழுதித் தர மறுக்கமாட்டார்.